ஞாயிறு வாசிப்பு: லூயி ஆம்ஸ்ட்ராங்

வியாசர்பாடி வாசிப்புக் குழு நண்பர்களுக்கு வணக்கம். இந்த ஞாயிறு மாலை 5 மணி, வழக்கமான மொட்டை மாடி.

இந்த முறை ட்ரம்பெட் மேதை லூயி ஆம்ஸ்ட்ராங்கின் வாழ்க்கை வரலாறு. தான் பிறந்தது 1900 ஜூலை 4 என்றே சொல்லிவந்தார். 1971ல் அவர் இறந்து பல வருஷம் கழித்துத்தான், நியூ ஆர்லியன்ஸ் தேவாலயத்தின் ஞானஸ்நானப் பதிவேட்டில் 1901 ஆகஸ்ட் 4 என்று இருந்தது தெரியவந்தது. வரலாறு எழுதுறவங்க ஏடு புரட்டியே ஆகணும். புத்தாண்டு இரவில் தெருவில் துப்பாக்கி சுட்டு, சீர்திருத்தப் பள்ளிக்குப் போய், அங்கே பேண்டில் கார்னெட் (ட்ரம்பெட் மாதிரி ஒரு ஊதுகருவி) வாசித்த பகுதியை அவசியம் படிச்சிட்டு வாங்க.

நம்ம ஏரியாவில் மரண கானா பாடின பெரியவங்க வாழ்க்கையையும் இப்படித் தேடி எழுதணும். தம்பிங்க அதையும் பேசுங்க.

பிரதி வேணும்னா சனிக்குள்ள சொல்லிடுங்க. மழை வந்தா கீழ் ஹால்.