சம்பளச் சீட்டு இல்லாதவர்களின் உழைப்பு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நம் தென்னாப்பிரிக்காவில் சாலை விபத்தில் காயம்பட்டவர்களுக்கு இழப்பீடு தரும் அரசு அமைப்பான சாலை விபத்து நிதியத்திடம் இழப்பீடு கோருவது பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். வலிக்கும் வேதனைக்கும் கிடைக்கும் தொகையை நன்றாக விளக்கியிருந்தீர்கள். 2008 ஆகஸ்ட் 1 முதல், காயம் கடுமையானது என்று மருத்துவ மதிப்பீட்டில் நிறுவினால்தான் அந்தத் தொகை கிடைக்கும். உடல் முழுமைக்குமாகக் கணக்கிட்டுக் குறைந்தது 30 விழுக்காடு பாதிப்பு இருக்க வேண்டும். இல்லையென்றால் நீண்டகாலக் கடும் ஊனம், நிரந்தர உருக்குலைவு போன்ற ஒன்றைக் காட்ட வேண்டும். எல்லாம் சரி. ஆனால் வருமான இழப்பு என்று வந்ததும், 'சம்பளச் சீட்டை இணைக்கவும்' என்ற ஒரே வரியோடு முடித்துவிட்டீர்கள். சம்பளச் சீட்டையே கண்டிராதவர்கள் எங்கே போவார்கள்?

சாட்ஸ்வர்த்தில் எங்கள் தெருவில் ஓர் அக்கா இருக்கிறார். கல்யாண வீடுகளுக்கும் கோயில் விசேஷங்களுக்கும் பலகாரம் செய்து கொடுத்தே பிள்ளைகளைப் படிக்கவைத்தவர். டாக்சி மோதியதில் வலது மணிக்கட்டு நொறுங்கிப்போனது; இப்போது மாவு பிசைய முடியவில்லை. அவருக்காகக் கோரிக்கைப் படிவத்தை நிரப்பிய வழக்கறிஞர் அலுவலகத்தில், தொழில் 'இல்லத்தரசி', வருமானம் 'இல்லை' என்று எழுதிவிட்டார்கள். அதைப் பார்த்தபோது எனக்கு நெஞ்சு கொதித்தது.

சட்டம் அப்படிச் சொல்லவில்லை. விபத்து நடக்காதிருந்தால் அவர் உழைத்து எவ்வளவு ஈட்டியிருப்பார், இந்தக் கையோடு இனி எவ்வளவு ஈட்டுவார் என்பதே நீதிமன்றத்தின் கேள்வி. இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தைக் காப்பீட்டுக் கணிப்பாளர் (வருங்கால இழப்புகளைக் கணக்கிடும் நிபுணர்) இன்றைய மதிப்பில் கணக்கிடுவார். நோய், வேலையின்மை போன்றவை எப்படியும் வந்திருக்கலாம் என்பதற்காக ஒரு பங்கைக் கழிப்பார்கள். கடந்தகால இழப்பில் 5 விழுக்காடும் எதிர்கால இழப்பில் 15 விழுக்காடும் கழிப்பது வழக்கம். சான்று வலுவாக இல்லையென்றால் நீதிபதி அதற்கு மேலும் கழிப்பார். நம் பெண்களின் பணம் கரைவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்து, 1984-ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் வெளியான பெய்லி வழக்கில் காயம்பட்டது ஒரு சிறுகுழந்தை. அது வளர்ந்து என்ன வேலை பார்த்திருக்கும் என்று யாருக்குத் தெரியும்? ஆனாலும், கணிப்பது கடினம் என்று சொல்லி நீதிமன்றம் கைவிரித்துவிடக் கூடாது, கிடைத்த சான்றுகளை வைத்து இயன்றவரை மதிப்பிட வேண்டும் என்று தீர்ப்பு சொன்னது. ஒரு நாளும் வேலைக்குப் போகாத குழந்தைக்கு வருங்கால வருமானத்தைக் கணக்கிட முடியுமென்றால், ஊரறியப் பலகாரம் விற்றவருக்கு ஏன் முடியாது?

ஒரு தடையை மறைக்காமல் சொல்லியாக வேண்டும். 1974-இல், உரிமம் இல்லாமல் தெரு வியாபாரம் செய்தவர் ஒருவரின் வழக்கில், சட்டத்துக்குப் புறம்பான அந்த வருமானத்தை நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆகவே உரிமம் தேவைப்படும் தொழில் செய்பவர்கள் அதை இப்போதே எடுத்துவைத்துக்கொள்வது நல்லது. வாட்ஸ்அப்பில் வந்த ஆர்டர்கள், மாவும் எண்ணெயும் வாங்கிய ரசீதுகள், வங்கியில் போட்ட பணத்தின் விவரம், கோயில் நிர்வாகத்தின் கடிதம், வாடிக்கையாளர்களின் சத்தியப் பிரமாணங்கள் எல்லாம் சான்றாகும். சமையலுக்கும் துணி துவைக்கவும் ஆள் வைக்க வேண்டியிருந்தால் அந்தச் செலவையும் தனியாகக் கோரலாம். இதைக் கேட்கவே பலருக்குக் கூச்சம். கூச்சப்பட என்ன இருக்கிறது?

நாம் வாங்கும் ஒவ்வொரு லிட்டர் பெட்ரோலிலும் இந்த நிதியத்துக்கு ஒரு தொகை போகிறது. டாக்சிக் கட்டணம் கொடுக்கும் அந்த அக்காவின் பணமும் அதில் சேர்ந்திருக்கிறது.

வீட்டிலிருந்தே சம்பாதிப்பவர்கள் எந்தச் சான்றுகளை எப்படிச் சேர்ப்பது என்று விவரம் தெரிந்த ஒருவரைக் கொண்டு எழுதச் செய்யுங்கள். கோரிக்கையைப் பதிவு செய்யப் பொதுவாக 3 ஆண்டுகள், மோதிய வாகனம் யாருடையது என்றே தெரியாவிட்டால் 2 ஆண்டுகள்தான் என்பதையும் அதில் பெரிய எழுத்தில் போடுங்கள்.

இப்படிக்கு,
சாட்ஸ்வர்த் வாசகி, டர்பன்