எரியறையில் அழுத்தம் உயர்வதில்லை: பாடநூல் குழுவுக்கும் மதிப்பீட்டுக் குழுவுக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய குழுவினருக்கு,

வணக்கம். இந்த விஷயமாக நான் உங்களுக்கு எழுதும் மூன்றாவது கடிதம் இது. முதல் இரண்டும் மனுக்களாக வந்தன. இரண்டுக்கும் ஒரே பதில்தான் கிடைத்தது: "விடைக்குறிப்பின்படியே மதிப்பெண் வழங்கப்பட்டுள்ளது." விடைக்குறிப்பே தவறு என்றுதான் மனு போட்டேன். அதற்கு அந்த விடைக்குறிப்பையே சாட்சிக்குக் கூப்பிட்டால் நான் யாரிடம் போய் நிற்பது? அதனால்தான் எல்லோரும் படிக்கும்படி எழுதுகிறேன்.

வினா உங்களுக்குத் தெரிந்ததுதான். ஜெட் விமானங்களிலும் மின் நிலையங்களிலும் ஓடும் கேஸ் டர்பைன் எஞ்சினுக்குள் அழுத்தமும் வெப்பநிலையும் எப்படி மாறுகின்றன, படம் வரைந்து விளக்குக, எட்டு மதிப்பெண். காற்றை அழுத்தும் கம்ப்ரெசரில் இரண்டும் உயரும், எரிபொருள் எரியும் எரியறையில் இரண்டும் உயரும், சூடான வாயுவால் சுழன்று கம்ப்ரெசரையும் ஓட்டும் டர்பைனில் இரண்டும் குறையும் என்கிறது விடைக்குறிப்பு. நடுவில் இருப்பது தவறு. எரியறையில் உயர்வது வெப்பநிலை மட்டும்தான். அழுத்தம் அங்கே உயர்வதில்லை, கொஞ்சம் குறைகிறது. இந்த ஒரு வரியைத் திருத்துங்கள் என்பதுதான் என் கோரிக்கை.

என் மாணவி ஒருத்தியின் விடைத்தாள் நகல் இப்போது என் முன்னால் இருக்கிறது. எஞ்சினின் குறுக்குவெட்டைப் பென்சிலால் வரைந்து, அதன் கீழே இரண்டு கோடுகள் போட்டிருக்கிறாள். அழுத்தக் கோடு கம்ப்ரெசர் முழுக்க ஏறுகிறது. அதை அடுத்து வரும், காற்றின் வேகத்தைக் குறைத்து அழுத்தமாக்கும் டிஃப்யூசரில் இன்னும் ஒரு சிறு ஏற்றம். எரியறைக்குள் நுழைந்ததும் மிக லேசான சரிவு. அதன் பக்கத்தில் அம்புக்குறி போட்டு "சில சதவீத இழப்பு" என்று எழுதியிருக்கிறாள். டர்பைனில் கோடு செங்குத்தாக விழுகிறது. வகுப்பில் நான் வரைந்ததைவிடச் சுத்தமான படம். அந்த லேசான சரிவின் மேல்தான் சிவப்பு மையில் ஒரு அடி விழுந்திருக்கிறது. பக்கத்தில் "உயர வேண்டும்" என்று எழுதி, மொத்த விடைக்கும் பூஜ்யம் போட்டிருக்கிறார்கள். மூன்று மதிப்பெண்ணில் அவள் தேர்ச்சி போனது.

முடிவு வந்த மறுநாள் அவள் என்னிடம் வந்து கேட்டது இதுதான்: "சார், அடுத்த தடவை புக்ல இருக்கிற மாதிரியே எழுதிடட்டுமா?" அழுதிருந்தால்கூட ஆறுதல் சொல்லியிருப்பேன். அவள் அமைதியாகத்தான் கேட்டாள். இருபது வருடமாக இந்தப் பாடத்தை நடத்துகிற எனக்கு அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வாய் வரவில்லை. தவறு என்று தெரிந்தே எழுது என்று சொல்லவா? சரியாக எழுதி மறுபடியும் தோற்றுப் போ என்று சொல்லவா?

இனி விஷயத்துக்கு வருகிறேன். எரியறையில் அழுத்தம் ஏன் உயராது? அதன் இரண்டு பக்கமும் திறந்திருக்கிறது. முன்னால் கம்ப்ரெசர், பின்னால் டர்பைன், நடுவில் நிற்காமல் ஓடும் காற்று. பெட்ரோல் எஞ்சினில் வால்வுகள் மூடியிருக்கும்போது பற்றவைப்பதால் வாயுவுக்கு விரிய இடமில்லை, அழுத்தம் சட்டென்று எகிறுகிறது. இங்கே அப்படி மூடி எதுவும் இல்லை. சூடான வாயு விரிந்து, வேகமெடுத்து, பின்பக்கம் போய்விடுகிறது. போகிற வழியில் உராய்வும் கலக்கமும் சேர்ந்து அழுத்தத்தில் சில சதவீதத்தைத் தின்றுவிடுகின்றன. ஓடும் வாயுவைச் சூடாக்குவதாலேயே இன்னும் கொஞ்சம் போகிறது.

ஒரு பேச்சுக்கு, எரியறையில் அழுத்தம் உயர்கிறது என்றே வைத்துக்கொள்வோம். காற்று அழுத்தம் கூடிய இடத்திலிருந்து குறைந்த இடத்துக்குத்தானே ஓடும்? அப்படியானால் நெருப்பு கம்ப்ரெசரைப் பார்த்துத் திரும்பும். எஞ்சினில் கோளாறு ஏற்படும்போது உண்மையிலேயே இப்படி நடப்பதுண்டு. அதற்கு சர்ஜ் என்று பெயர். கம்ப்ரெசரால் தாங்க முடியாமல் காற்று பின்னோக்கி வரும். வெடிச்சத்தம் கேட்கும், சில சமயம் முன்பக்கமே தீ தெரியும். விடைக்குறிப்பு ஒரு விபத்தை எஞ்சினின் இயல்பான நிலையாக எழுதிவைத்திருக்கிறது.

இன்னொன்று. இதே பாடநூலில், இரண்டு அத்தியாயம் முன்னால், கேஸ் டர்பைன் வேலை செய்யும் முறையைப் படிப்படியாகச் சொல்லும் பிரேட்டன் சுழற்சி இருக்கிறது. அழுத்தத்தையும் கன அளவையும் வைத்து வரைந்த அந்தப் படத்தில் வெப்பம் சேரும் மேல்கோடு தட்டையாக, மாறா அழுத்தத்தில் போகிறது. ஜார்ஜ் பிரேட்டன் 1872இல் காப்புரிமை பெற்ற எஞ்சினின் அடிப்படையே மாறா அழுத்தத்தில் எரிப்பதுதான். ஒரே நூலில் ஒரு பக்கம் தட்டை, மறுபக்கம் ஏற்றம். இதைக் கவனித்த மாணவிக்குப் பூஜ்யம்.

சரி, அழுத்தம் கூடாவிட்டால் எஞ்சினுக்கு வேலை எங்கிருந்து கிடைக்கிறது? பிள்ளைகள் கேட்கும் மிக நல்ல கேள்வி இது. உங்கள் விடைக்குறிப்பு இந்தக் கேள்வியே எழாமல் செய்துவிடுகிறது. இழப்பே இல்லாத எளிய கணக்கு ஒன்றைப் பாருங்கள். 15 டிகிரி செல்சியஸில் வரும் காற்றைப் பத்து மடங்கு அழுத்தினால் அது சுமார் 283 டிகிரிக்குப் போகும். ஏற்றம் 268 டிகிரி. அதை அதே அழுத்தத்தில் 1127 டிகிரி வரை சூடாக்கி, டர்பைனில் பத்து மடங்கு விரியவிட்டால் சுமார் 452 டிகிரிக்கு இறங்கும், இறக்கம் 675. இரண்டு இடத்திலும் அதே பத்து மடங்குதான். ஆனால் சூடான வாயு இறங்கும்போது தரும் வேலை, குளிர்ந்த காற்றை ஏற்றக் கேட்கும் வேலையைவிட எவ்வளவோ அதிகம். இந்த மிச்சம்தான் எஞ்சினின் உயிர்.

அந்த மிச்சத்தைப் பிடிக்க மனிதர்கள் பட்ட பாடு கொஞ்சமல்ல. நார்வேயில் ஏஜிடியஸ் எல்லிங் 1903இல் முதல்முறையாகத் தன்னைத் தானே ஓட்டிக்கொண்டு மிச்சமும் தரும் கேஸ் டர்பைனை இயக்கிக் காட்டியபோது கிடைத்தது 11 குதிரைத்திறன். 1939இல் சுவிட்சர்லாந்தின் நியூஷாட்டெல் நகரில் மின்சாரத்துக்காக நிறுவிய டர்பைன் சுமார் 15,400 கிலோவாட் தந்தது. அதில் சுமார் 11,400 கிலோவாட்டை கம்ப்ரெசரே எடுத்துக்கொண்டது. மீதி 4,000. அழுத்தம் எங்கே உயர்கிறது, அதற்கு யார் விலை கொடுக்கிறார்கள் என்பதை இந்த மூன்று எண்களே சொல்லிவிடும். எரியறை இனாமாக அழுத்தம் தருவதாக இருந்தால் இவ்வளவு பெரிய கம்ப்ரெசர் எதற்கு?

ஜெ79 என்ற போர் விமான ஜெட் எஞ்சினில் கம்ப்ரெசருக்கு 17 அடுக்கு பிளேடுகள், டர்பைனுக்கு 3 அடுக்கு. காற்றை மேட்டில் ஏற்றுவதுபோல அழுத்தத்துக்கு எதிராகத் தள்ளும்போது அது பிளேடை விட்டு விலகப் பார்க்கும், அதனால் ஒவ்வொரு அடுக்கிலும் சிறிது சிறிதாகத்தான் ஏற்ற முடியும். இறங்கும்போது அந்தக் கவலை இல்லை. அந்த மாணவி வரைந்த அழுத்தக் கோட்டைப் பார்த்தாலே இது புரியும். உங்கள் நூலில் இருக்கும் படத்தில் நீலத்திலிருந்து சிவப்புக்கு மாறும் ஒரு பெரிய அம்பு மட்டும்தான் இருக்கிறது. அந்தச் சிவப்பு வெப்பமா, அழுத்தமா என்று எங்கேயும் எழுதவில்லை. குழப்பத்தின் வேர் அந்த அம்புதான் என்பது என் எண்ணம்.

பாடம் தேர்வோடு முடிந்துவிடுவதில்லை. நாளைக்கு இந்தப் பிள்ளைகள் எஞ்சின் பராமரிப்புக்குப் போவார்கள். கம்ப்ரெசர் பிளேடில் அழுக்கு படிந்தால் அதன் வெளியேற்ற அழுத்தம் குறையும், அதே வேலைக்கு வெளியேறும் வாயுவின் வெப்பம் கூடும். அழுத்தமானி, வெப்பமானி இரண்டின் முள்ளையும் சேர்த்துப் பார்த்துத்தான் கம்ப்ரெசரைக் கழுவ வேண்டும் என்று கண்டுபிடிப்பார்கள். எரியறையில் அழுத்தம் பிறக்கிறது என்று படித்தவர் அந்த அழுத்தமானி முள்ளை வைத்துக்கொண்டு எரியறையில் கோளாறு தேடுவார். டர்பைன் பிளேடைக் கையில் எடுத்தால் விளிம்பில் ஊசிமுனை அளவு துளைகள் வரிசையாக இருக்கும். பிளேடின் உலோகம் உருகும் வெப்பத்தையும் தாண்டிய வாயு அதைச் சுற்றி ஓடுகிறது. கம்ப்ரெசரிலிருந்து எடுத்த காற்று அந்தத் துளைகள் வழியே வந்து பிளேடைப் போர்த்துகிறது. நவீன எஞ்சினில் அந்தக் "குளிர்ந்த" காற்றே 600 டிகிரி அளவில் இருக்கும். எரியறையின் அழுத்தம் கம்ப்ரெசரின் அழுத்தத்தைவிடச் சற்றே குறைவாக இருப்பதால்தான் அந்தக் காற்று துளை வழியே வெளியே வர முடிகிறது. அழுத்தம் உயர்ந்தால் சூடான வாயு துளைக்குள் நுழைந்துவிடும். நீங்கள் சிவப்பு மையால் அடித்த அந்த லேசான சரிவுதான் பிளேடைக் காப்பாற்றுகிறது.

கோபத்தில் ஓரிரு வார்த்தை கடுமையாக விழுந்திருக்கலாம், பொறுத்துக்கொள்ளுங்கள். திருத்துபவர்களுக்கு ஒரு நாளில் எத்தனை தாள் வருகிறது என்பது எனக்குத் தெரியும், நானும் திருத்தியவன்தான். அவர்கள்மீது எனக்கு வருத்தமில்லை, கையில் கொடுத்த குறிப்பை வைத்துத்தான் அவர்கள் திருத்த முடியும். குறிப்பைத் திருத்த உங்களால் மட்டுமே முடியும்.

அதனால் தாழ்மையோடு மறுபடியும் கேட்கிறேன். விடைக்குறிப்பில் அந்த வரியை மாற்றுங்கள். சரியாக எழுதி மதிப்பெண் இழந்தவர்களின் தாள்களை அந்த வினாவுக்கு மட்டுமாவது மறுபடி திருத்துங்கள். அடுத்த பதிப்பில் அந்த அம்பை எடுத்துவிட்டு, எஞ்சின் படத்தின் கீழே அழுத்தத்துக்கு ஒன்றும் வெப்பநிலைக்கு ஒன்றுமாக இரண்டு கோடுகள் போடுங்கள். படம் வேண்டுமென்றால் என்னிடம் ஒன்று இருக்கிறது. பென்சிலில் வரைந்தது, வரைந்தவளின் சம்மதத்தோடு அனுப்பிவைக்கிறேன். துணைத் தேர்வுக்குப் பதிவு செய்யும் கடைசி நாளுக்கு முன்னால் பதில் வந்தால் அவளிடம் போய்ச் சொல்ல எனக்கு ஒரு விடை கிடைக்கும்.

இப்படிக்கு,
வெப்ப இயக்கவியல் நடத்தும் ஓர் ஆசிரியர்