அந்தக் காட்சியை எடுத்துவிடுங்கள்

ஆவணப்படம் எடுத்த தோழர்களுக்கும் அதைத் திரையிட்ட திரைப்படச் சங்கத்தாருக்கும் வணக்கம்.

பாலக்காட்டில் எங்கள் காலனியில் நீங்கள் கேமராவை ஒளித்துவைத்து எடுத்த படம் பற்றித்தான் எழுதுகிறேன். எந்தக் காட்சி என்று உங்களுக்கே தெரியும்: எங்கள் அக்கா ஒருவர் தன் கடனைப் பற்றிப் பேசும் காட்சி.

கேரளம் கடும் வறுமை இல்லாத மாநிலம் என்று 2025 நவம்பர் 1 அன்று அரசு அறிவித்ததைக் கேள்வி கேட்கத்தான் எடுத்தோம் என்கிறீர்கள். தாராளமாகக் கேளுங்கள். கடும் வறுமையில் இருப்பதாக 64,006 குடும்பங்களைக் கணக்கெடுத்தார்களே, விடுபட்டவர்கள் எங்கே என்று நாங்களும்தான் கேட்கிறோம். அதற்குச் சட்டைப் பொத்தானில் கேமரா எதற்கு? லஞ்சம் வாங்கும் அதிகாரி முன்னால் ஒளித்துவைத்தால் நியாயம் இருக்கிறது. கேட்டால் அவர் சொல்லமாட்டார். எங்கள் அக்காவிடம் கேட்டிருந்தால் டீ போட்டுக் கொடுத்துப் பேசியிருப்பார். எதைச் சொல்லலாம், எதை விடலாம் என்பதையும் அவரே பார்த்துக்கொண்டிருப்பார்.

உங்களில் ஒருவரைச் சர்வே எடுக்க வந்த பெண் என்று நம்பி, மத்தி மீன் கழுவிக்கொண்டே எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறார். மகள் பிரசவத்துக்கு யாரிடம் வட்டிக்கு வாங்கினார், எத்தனை தவணை பாக்கி, அந்த பிளேடுக்காரன், அதாவது கந்துவட்டிக்காரன், வரும் நாளில் எந்த வீட்டில் போய் உட்கார்ந்திருப்பார் என்பது வரை. முகத்தை மங்கலாக்கிவிட்டோம் என்கிறீர்கள். குரல் அப்படியே இருக்கிறதே! வாசலில் விளிம்பு உடைந்த நீல டிரம்மும் இருக்கிறது. அவனுக்கு முகம் வேறு வேண்டுமா? துண்டுக் காட்சி வாட்ஸப்பில் சுற்றியதும், ஆள் நேராக அந்த வீட்டு வாசலுக்கே வந்து நின்றான். இப்போது அந்த வீட்டுக்காரர்களும் அக்காவோடு பேசுவதில்லை.

அந்தக் காட்சியை எடுத்துவிடுங்கள்.

தணிக்கைச் சான்றிதழ் இல்லாமல் விழாவில் காட்ட டெல்லி அமைச்சகத்திடம் விலக்கு கேட்கத் தெரிகிறது. எங்கள் வாசலில் கேட்கத் தோன்றவில்லை. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று 2017-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தாழ்ப்பாள் போட்ட கதவு உள்ளவர்களுக்கு மட்டும் என்று சொல்லவில்லை. மழை வந்தால் சேனல்காரர்கள், தேர்தல் வந்தால் கட்சிக்காரர்கள், அப்புறம் நீங்கள். பேசுவது நாங்கள், தமிழில். எங்களைப் பற்றி விளக்கும் குரல் மட்டும் ஆங்கிலத்தில். நாங்கள் பார்க்கப்போவதில்லை என்று முன்பே முடிவு செய்துவிட்டீர்கள் போல.

சரி, கோபத்தில் நீட்டிவிட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். அடுத்த திரையிடலுக்கு முன்னால் தயவுசெய்து அந்தக் காட்சியை எடுத்துவிடுங்கள். மீதிப் படத்தை ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் காலனியில் போட்டுக் காட்டுங்கள். அங்கன்வாடிச் சுவர் இருக்கிறது, கரண்டுக்கு நாங்கள் பொறுப்பு. பார்த்துவிட்டு யாராவது வேண்டாம் என்றால் அவர்கள் வரும் பகுதியையும் நீக்கிவிட வேண்டும்.

இப்படிக்கு,
காலனிவாசி ஒருவர்,
பாலக்காடு