மிருகங்களுக்குத் திங்கட்கிழமை லீவு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பில் இந்தோனேசிய சினிமா பற்றி அரைப் பக்கக் கட்டுரை வந்திருந்தது. பேய்ப் படம், அடிதடிப் படம், இரண்டை விட்டால் அங்கே ஒன்றும் இல்லை, மாயம் மந்திரம் வந்தாலே நிஜத்திலிருந்து தப்பி ஓடுகிற சினிமாதான் என்கிற மாதிரி எழுதியிருந்தார் கட்டுரையாளர். தெற்கு ஜகார்த்தாவில், பசார் மிங்கு பக்கம் 2010-லிருந்து குடியிருக்கிறவள் நான். ஒரு படத்தையாவது சொல்லாமல் விட மனசு கேட்கவில்லை.

எட்வின் இயக்கிய ‘கெபுன் பினாதாங்’. மிருகக்காட்சிசாலை என்று அர்த்தம். 2012-இல் பெர்லின் விழாவின் போட்டிப் பிரிவில் இருந்த படம். ஜகார்த்தாவின் ரகுனான் மிருகக்காட்சிசாலையில் அப்பா விட்டுவிட்டுப் போன ஒரு பெண் குழந்தை அங்கேயே வளர்கிறாள். அங்குள்ள ஒட்டகச்சிவிங்கிமேல் அவளுக்குக் கொள்ளைப் பிரியம். கௌபாய் வேஷம் போட்ட ஒரு மந்திரவாதி வருகிறான், அவன் பின்னால் ஊருக்குள் போகிறாள். அவன் மறைந்துபோகிறான், அவள் மசாஜ் நிலையத்தில் வேலைக்குச் சேர்கிறாள். கதை இவ்வளவுதான். சும்மா சொல்லக் கூடாது, படம் மெதுவாகத்தான் போகும். என் கணவர் அரை மணி நேரத்தில் குறட்டை விட்டார்.

நடுநடுவே திரையில் விலங்கியல் பாடம் மாதிரிச் சில சொற்கள் வரும். ஒரு விலங்கை அதன் சொந்த இடத்துக்கு வெளியே வைத்துப் பாதுகாப்பது, மறுபடி இயற்கையில் கொண்டுபோய் விடுவது என்கிற விளக்கங்கள். படிக்கும்போது மிருகத்தைப் பற்றித்தான் சொல்கிறார்கள் என்று தோன்றும். அடுத்த காட்சியில் அந்தப் பெண் நிற்பாள். வாய்விட்டுச் சிரிக்க வைக்கிற நையாண்டி இல்லை இது. வீட்டுக்கு வந்து பாத்திரம் கழுவும்போது சுருக்கென்று தைக்கிற ரகம்.

எனக்கு அது தைத்தது 2013 அக்டோபரில். அதுவரை இங்கே சிக்னலுக்குச் சிக்னல் ‘தோப்பெங் மொன்யெட்’ நிற்கும். தோப்பெங் என்றால் முகமூடி, மொன்யெட் குரங்கு. ரப்பர் பொம்மையின் தலையைக் குடைந்து குரங்கின் முகத்தில் மாட்டி, குட்டி சைக்கிள் ஓட்ட விடுவார்கள். கண் இருக்க வேண்டிய இடத்தில் இரண்டு ஓட்டை, அதற்குள் நிஜக் கண். அப்போது சின்னவளாக இருந்த என் மகள் அதைப் பார்த்தாலே என் முந்தானைக்குள் புகுந்துகொள்வாள். அன்றைக்கு ஜகார்த்தா ஆளுநராக இருந்த ஜோகோ விடோடோ அதைத் தடை செய்தார். குரங்கு ஒன்றுக்கு ஏறக்குறைய 10 லட்சம் ரூபியா கொடுத்து வாங்கி, எங்கே கொண்டுபோய் வைத்தார்கள் தெரியுமா? அதே ரகுனானில்! படத்தில் பெண் மிருகக்காட்சிசாலையை விட்டு ஊருக்குள் போனாள். இங்கே ஊருக்குள் இருந்த குரங்கு மிருகக்காட்சிசாலைக்குப் போனது. நல்ல காரியம்தான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் எட்வின் இதை எழுதியிருந்தால் மிகைப்படுத்துகிறார் என்றிருப்போம்.

அப்புறம் 2015-இல் சிலிவுங் ஆற்றங்கரையில் கம்போங் பூலோ என்கிற பகுதியில் வீடுகளை இடித்து, மக்களை அடுக்குமாடி வாடகைக் குடியிருப்புக்கு மாற்றினார்கள். செய்தித்தாளில் தினமும் ஒரே சொல்: ‘ரெலோகாசி’, அதாவது இடமாற்றம். புலியை வேறு காட்டுக்கு மாற்றினாலும் அதே சொல்தான். வருஷா வருஷம் தங்குமிட அட்டையைப் புதுப்பிக்க வரிசையில் நிற்கிற எங்களைப் போன்ற வெளிநாட்டுக்காரர்களுக்கு என்ன சொல்லோ!

மாயம், மந்திரம் என்றாலே நிஜத்திலிருந்து தப்பி ஓடுகிற சினிமா என்று கட்டுரையாளர் நினைத்துவிட்டார். சுஹார்த்தோவின் 32 வருஷ ஆட்சியில் நேராகப் பேச முடியாமல் இருந்த ஊர் இது. சுற்றிவளைத்துச் சொல்வது இங்கே பழகிப்போன ஒன்று.

அவர் ஜகார்த்தா வந்தால் டிரான்ஸ்ஜகார்த்தா 6-ஆம் தடப் பேருந்தில் ஏறட்டும். கடைசி நிறுத்தமே ரகுனான்தான். திங்கட்கிழமை மட்டும் வேண்டாம். அன்றைக்குப் பூட்டியிருக்கும், மிருகங்களுக்கு லீவு.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
பசார் மிங்கு, ஜகார்த்தா