கீரையும் கறியும் ஒரே குக்கரில் வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் அண்மையில் வெளியான ‘பாலக் மட்டன்’ சமையல் குறிப்பைப் படித்தேன். கறி, கீரை, வெங்காயம், தக்காளி, மசாலாப் பொருள்கள் அனைத்தையும் குக்கரில் ஒன்றாகப் போட்டு, ஆறு விசில் விட்டு இறக்கினால் போதும் என்று அதில் சொல்லப்பட்டிருந்தது. வேலைக்குப் போய் வந்து சமைப்பவர்களின் நேரத்தை மிச்சப்படுத்தும் நல்ல எண்ணத்தில்தான் அப்படி எழுதியிருப்பார்கள். ஆனால் அந்த முறையில் கிடைப்பது கறுத்துப்போன கீரைக் கூழில் மிதக்கும் கறியே தவிர, பஞ்சாபிலும் தில்லியிலும் ஐதராபாத்திலும் வீடுகளில் பக்குவமாகச் செய்யும் அந்த அருமையான குழம்பு அன்று. முதன்முறையாகச் செய்து பார்ப்பவர்கள் அதை ஒரு வாய் சுவைத்துவிட்டு, இந்தக் கூட்டே நமக்கு ஒத்துவராது என்று ஒதுக்கிவிடுவார்களோ என்ற கவலையில் இதை எழுதுகிறேன்.

கறிக்குத் தேவையானது நேரம்; கீரைக்கு ஆகாதது நேரம். வெள்ளாட்டுக் கறியில், அதிலும் குழம்புக்கு ஏற்ற முன்சப்பை, கழுத்து, கால் பகுதிகளில், தசையைப் பிணைத்திருக்கும் கொலாஜன் என்ற நார்ப்புரதம் நிறைய உண்டு. அது நீண்ட நேரம் ஈரச்சூட்டில் இருந்தால்தான் இளகி ஜெலட்டினாக மாறும். குழம்புக்கு வரும் அந்தக் கொழகொழப்பும் கறிக்கு வரும் மென்மையும் இப்படிக் கிடைப்பவைதான். குக்கருக்குள் வெப்பம் ஏறத்தாழ 120 டிகிரி செல்சியஸ் வரை உயர்வதால் இந்த மாற்றம் விரைவாக நடக்கிறது. ஆகவே கறிக்குக் குக்கர் மிகப் பொருத்தமான பாத்திரம், அதில் எனக்கு மறுப்பே இல்லை. ஆனால் நூற்றுக்குத் தொண்ணூறு பங்குக்கு மேல் தண்ணீராகவே இருக்கும் பாலக்கீரை, கொதிநீரில் ஓரிரு நிமிடங்களிலேயே வெந்துவிடும். அதை 120 டிகிரியில் இருபது நிமிடம் அடைத்து வைத்தால், நிறமும் மணமும் போய், கசப்பும் ஒருவித ஊசிய வாடையும்தான் மிஞ்சும்.

கீரையை மூடி போட்டு வேகவைக்கக் கூடாது என்பது நம் வீடுகளில் தலைமுறை தலைமுறையாகச் சொல்லிக்கொடுக்கும் பாடம். அரைக்கீரையோ சிறுகீரையோ கடையும்போது யாரும் சட்டியை மூடுவதில்லை. இந்தப் பழக்கத்துக்கு வேதியியலில் தெளிவான காரணம் இருக்கிறது. கீரையின் பச்சையத்தின் நடுவே மக்னீசியம் அமர்ந்திருக்கிறது. வெப்பமும் அமிலமும் சேரும்போது அந்த மக்னீசியம் கழன்றுபோய், பளிச்சென்ற பச்சை பழுப்பு கலந்த மங்கலாக மாறிவிடுகிறது. வேகும்போது கீரையிலிருந்தே அமிலங்கள் வெளிப்படுகின்றன. பாத்திரம் திறந்திருந்தால் அவற்றில் ஆவியாகக் கூடியவை நீராவியோடு போய்விடும், மூடியிருந்தால் திரும்பக் கீரையின் மேலேயே வடியும். தங்கள் குறிப்பில் மூன்று தக்காளியையும் சேர்த்து மூடச் சொல்லியிருப்பதால், இந்தக் கேடு இன்னும் கூடுகிறது. நிறம் காக்கச் சிலர் சமையல் சோடா சேர்க்கிறார்கள். நிறம் நிற்கும், உண்மைதான். ஆனால் இலை கூழாகிவிடும், வைட்டமின் சி போன்ற சத்துகளும் வீணாகும். அதை நான் ஒருபோதும் பரிந்துரைக்க மாட்டேன்.

சரியான முறை கடினமானதே அன்று. அரைக் கிலோ எலும்போடு கூடிய கறிக்கு, ஆய்ந்த பிறகு அரைக் கிலோ கீரை என்பது நல்ல அளவு. பார்வைக்குக் கீரை மலைபோலத் தெரிந்தாலும் வெந்தபின் ஒரு கிண்ணத்துக்குள் அடங்கிவிடும். அடிகனமான பாத்திரத்திலோ குக்கரிலோ நான்கு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, பட்டை, கிராம்பு, ஏலக்காய், பிரிஞ்சி இலை தாளித்து, பொடியாக நறுக்கிய இரண்டு பெரிய வெங்காயத்தைப் பொன்னிறம் தாண்டி இளம்பழுப்பாகும் வரை வதக்க வேண்டும். பிறகு இஞ்சி பூண்டு விழுது, பச்சை வாசனை போனபின் கறி. இங்கேதான் பொறுமை தேவைப்படுகிறது. கறி முதலில் தண்ணீர் விடும். அந்தத் தண்ணீர் இருக்கும் வரை பாத்திரத்தின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. வறுபட்ட மணமும் செந்நிறமும் 140 டிகிரியை ஒட்டித்தான் விரைவாக உருவாகும் என்பதால், நீர் முழுக்கச் சுண்டி, கொதிக்கும் சத்தம் அடங்கி, எண்ணெயில் பொரியும் சத்தம் கேட்கத் தொடங்கும் வரை கிளறிக்கொண்டே இருக்க வேண்டும். சுக்கா வறுவலுக்குக் கறியைச் சுருளச் சுருள வதக்குவோமே, அதே கைப்பக்குவம்தான் இதற்கும். அடி பிடிப்பது போலத் தோன்றினால் ஒரு கை தண்ணீர் தெளித்து, ஒட்டியிருப்பதைச் சுரண்டி மசாலாவோடு சேர்த்துவிட்டால், குழம்பின் சுவை அங்கேயே பாதி வந்துவிடும். எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டு மூடிவிடும் முறையில் இந்தக் கட்டம் அடியோடு விடுபட்டுப் போகிறது. நிறம் கெடுவதைவிட எனக்கு இதுவே பெரிய இழப்பாகப் படுகிறது.

அதன்பின் மிளகாய்த்தூள், மல்லித்தூள், சீரகத்தூள் சேர்க்கலாம். மஞ்சள் தூள் கால் தேக்கரண்டிக்கு மேல் வேண்டாம்; கூடினால் கீரையின் பச்சை கலங்கித் தெரியும். புளிப்புக்குத் தக்காளி ஒன்று போதும், அதையும் கறியோடு கரைய வதக்கிவிட வேண்டும். தயிர் சேர்ப்பதானால், புளிக்காத கெட்டித் தயிரை நன்றாகக் கடைந்து, தீயைத் தணித்து, ஒவ்வொரு கரண்டியாக விட்டுக் கிளற வேண்டும்; குளிர்ந்த தயிரைக் கொதிக்கும் குழம்பில் மொத்தமாகக் கொட்டினால் திரிந்துவிடும். எண்ணெய் பிரிந்து ஓரங்களில் மினுங்கும்போது, ஒரு குவளை வெந்நீர் ஊற்றிக் குக்கரை மூடி, முதல் விசில் வந்ததும் தீயைக் குறைத்து, இளங்கறியானால் பதினைந்து நிமிடமும் முற்றலானால் இருபத்தைந்து நிமிடமும் வைக்கலாம். விசில் என்பது ஓர் அளவே அன்று என்பதை இங்கே சொல்லியாக வேண்டும். குக்கரின் கொள்ளளவு, அடுப்பின் தீ, உள்ளே இருக்கும் தண்ணீர், கேஸ்கட்டின் தேய்மானம் இவற்றைப் பொறுத்து, ஒரு வீட்டில் ஆறு விசில் எட்டு நிமிடத்திலும் இன்னொரு வீட்டில் இருபது நிமிடத்திலும் வரும். பிறகு எப்படி ஒரே குறிப்பு இருவருக்கும் பொருந்தும்?

கறி வேகும் நேரத்தில் கீரையைக் கவனிக்கலாம். நறுக்குவதற்கு முன்பே கழுவிவிட வேண்டும். நறுக்கிய பின் அலசினால் சத்து நீரோடு போகும். அகன்ற பாத்திரத்தில் நிறையத் தண்ணீர் எடுத்து, கீரையை அமுக்கி அலசி, கீரையை மட்டும் கையால் அள்ளி வெளியே எடுக்க வேண்டும். கீரையோடு தண்ணீரைச் சாய்த்து வடித்தால், அடியில் தங்கிய மண் மறுபடியும் இலைமேலேயே படியும். பாத்திரத்தின் அடியில் விரலால் தடவிப் பார்த்து, நெறுநெறுப்பு இல்லாத வரை இதைத் திரும்பச் செய்வது நல்லது. பாலக்கீரையின் தண்டு வேரோடு சேரும் மடிப்பில் ஒளிந்திருக்கும் மணல், அருமையாகச் சமைத்த குழம்பையும் ஒரே கடியில் கெடுத்துவிடும். பிறகு கொதிக்கும் நீரில் ஒரு நிமிடம் திறந்தபடி போட்டெடுத்து, உடனே குளிர்ந்த நீரில் இட்டுப் பிழிந்து, பாதியைக் கரகரப்பாக அரைத்தும் பாதியைப் பொடியாக நறுக்கியும் வைத்துக்கொள்ளலாம். முழுவதையும் மிக்ஸியில் மைபோல அரைக்கும் உணவக வழக்கம் எனக்கு உடன்பாடில்லை. இலை நாவில் தட்டுப்பட வேண்டும். வெந்த கறியில் இந்தக் கீரையைச் சேர்த்து, மூடாமல் ஐந்தாறு நிமிடம் கொதிக்கவிட்டு, உப்பு சரிபார்த்து, கரம் மசாலாவும் கையில் கசக்கிய உலர்ந்த வெந்தயக்கீரையும் தூவி இறக்கினால் வேலை முடிந்தது.

கீரை வாங்கும்போதும் ஒரு செய்தியை நினைவில் கொள்ளலாம். நம் சந்தைகளில் பாலக் என்ற பெயரில் வருவதில் பெரும்பகுதி பீட்ரூட்டின் இனத்தைச் சேர்ந்த இந்தியப் பாலக். மேலைநாட்டு ஸ்பினாச் வேறு செடி. இந்தியப் பாலக் சற்றுத் தடித்த இலை உடையது, குழம்பில் கரையாமல் நிற்கும், ஆகவே இந்தச் சமையலுக்கு அது ஒரு குறையே அன்று. அது கிடைக்காத ஊர்களில் சிறுகீரையோ முளைக்கீரையோ போட்டுத் தாராளமாகச் செய்யலாம். கறியையும் கீரையையும் சேர்ப்பது ஒரே ஒரு ஊரின் தனியுரிமையும் அன்று. பஞ்சாபில் கடுகுக்கீரையோடு சேர்ப்பார்கள், பார்சிகள் பாலக்கோடு ‘பாஜி மா கோஷ்த்’ செய்வார்கள், ஆந்திரத்தில் புளிச்சக்கீரையைக் கறியோடு சேர்த்துச் செய்யும் கோங்கூரா மாம்சத்துக்கு ஈடு இணை கிடையாது. புளிச்சக்கீரையில் புளிப்பு இயல்பாகவே இருப்பதால் அது நிறம் மாறித்தான் ஆகும். அங்கே புளிப்புதான் சுவையே. பாலக்கில் அப்படியன்று.

கீரையும் கறியும் ஒருசேர உண்ணக் கூடாது என்று இன்னமும் சிலர் சொல்வதுண்டு. இதற்கு நேர்மாறாக, இரண்டும் சேர்வதில்தான் நன்மை இருக்கிறது. 100 கிராம் பாலக்கீரையில் ஏறத்தாழ 3 மில்லிகிராம் இரும்புச்சத்து இருந்தாலும், தாவர உணவிலுள்ள இரும்பை நம் உடல் எளிதில் ஏற்பதில்லை. அதே வேளை உணவில் இறைச்சி சேரும்போது, இறைச்சியிலுள்ள இரும்பு உடலில் எளிதாகச் சேர்வதோடு, கீரையின் இரும்பும் கூடுதலாக உறிஞ்சப்படுகிறது. பரிமாறும்போது பிழியும் எலுமிச்சைச் சாறும் இதற்குத் துணை செய்யும். உண்ட கையோடு அருந்தும் தேநீர் தடை செய்யும். நம் நாட்டில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் 57 விழுக்காட்டினருக்கு இரத்தசோகை இருப்பதாக, 2019–21இல் நடந்த ஐந்தாவது தேசியக் குடும்பநல ஆய்வு பதிவு செய்திருக்கிறது. பல வீடுகளில் கறி சமைக்கும் நாளில் நல்ல துண்டுகள் ஆண்களுக்கும் பிள்ளைகளுக்கும் போய், சமைத்தவளுக்குக் குழம்பு மட்டும் மிஞ்சுகிறது. சமையல் பகுதியில் இதையும் ஒரு வரி எழுதினால் தவறில்லை என்றே நினைக்கிறேன்.

சிறுநீரகக் கல் தொல்லை உள்ளவர்கள் மட்டும் எச்சரிக்கையாக இருக்க வேண்டும், ஏனெனில் பாலக்கீரையில், கல் உருவாகத் துணைபோகும் ஆக்சலேட் என்ற பொருள் மிகுதி. கொதிநீரில் இட்டு அந்த நீரைக் கொட்டிவிட்டால் அதில் ஒரு பகுதி குறையும். ஆனாலும் எவ்வளவு உண்ணலாம் என்பதை மருத்துவரிடம் கேட்டுக்கொள்வதே சரி. மீந்த குழம்பை அடுப்பு மேடையிலேயே இரவு முழுவதும் விட்டுவைக்காமல், இறக்கிய இரண்டு மணி நேரத்துக்குள் சூடு ஆறவைத்து, குளிர்சாதனப் பெட்டியில் வைத்து, மறுநாள் வேண்டிய அளவை மட்டும் எடுத்து நன்றாகக் கொதிக்க வைத்து உண்ணலாம்.

சமையல் குறிப்புகளை வெளியிடும் தங்கள் இணைப்புக் குழுவினருக்கு என் வேண்டுகோள் இதுதான். கீரையைக் கட்டுக் கணக்கில் சொல்லாமல் கிராம் கணக்கில் சொல்லுங்கள். ஒரு கடையின் கட்டு இன்னொரு கடையில் இரண்டு கட்டாக இருக்கிறது. விசில் எண்ணிக்கைக்குப் பதிலாக நிமிடங்களைக் கொடுங்கள். எதை முதலில் போட வேண்டும், எதைக் கடைசியில் சேர்க்க வேண்டும், ஏன் என்பதை ஒவ்வொரு குறிப்பிலும் விளக்குங்கள். இடம் போதாவிட்டால் பரிமாறிய தட்டின் பெரிய படத்தைச் சிறிதாக்கினாலும் எங்களுக்குக் குறையில்லை. குக்கர் இல்லாமல், விடுதி அறையிலோ வாடகை அறையிலோ ஒற்றை அடுப்பில் சமைக்கும் இளைஞர்கள் பலர் இப்பகுதியைப் படிக்கிறார்கள். அவர்களுக்காக, கனத்த பாத்திரத்தில் மூடி போட்டு, கறி மூழ்கும் அளவுக்கு வெந்நீர் விட்டு, ஒன்றரை மணி நேரம் சிறுதீயில் வேகவைத்து, கறி எலும்பைவிட்டுக் கழலத் தொடங்கியபின் மூடியைத் திறந்து கீரையைச் சேர்க்கும் வழியையும் கூடவே தரலாம்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகி