பெல்லாரிச் சிறைப் பதிவேட்டை எங்கள் அப்பத்தா எங்கே போய்த் தேடுவார்?

தியாகிகள் ஓய்வூதியக் கோப்புகளைப் பார்க்கும் மத்திய, மாநில அரசு அதிகாரிகளுக்கு,

வணக்கம்.

எங்களுக்குத் தேவகோட்டைப் பக்கம் ஒரு கிராமம். 1942 ஆகஸ்டில் ‘வெள்ளையனே வெளியேறு’ போராட்டத்தின்போது தேவகோட்டை நீதிமன்றம் எரிந்ததும், திருவாடானை சப்-ஜெயிலை ஜனங்கள் உடைத்ததும் நீங்கள் அறிந்த வரலாறுதான். அதன்பின் போலீஸ் பிடித்துக்கொண்டு போனவர்களில் எங்கள் ஐயாவும் ஒருவர், அப்பாவைப் பெற்றவர். அலிப்புரம் சிறையில் எட்டு மாதம் இருந்தார். 1981-இல் தியாகி பென்ஷனுக்கு மனுப் போட்டார். ஜெயில் சர்டிபிகேட் இல்லை என்று திரும்பி வந்தது. அவர் காலமான பிறகு அப்பத்தா பெயரில் நாங்கள் அலைகிறோம். அப்பத்தாவுக்கு இப்போது 93 வயது.

அலிப்புரம் எங்கே இருக்கிறது என்று ஒரு அலுவலகத்தில் எங்களையே கேட்டார்கள். பெல்லாரியில் இருக்கிறது. அன்றைக்கு அது சென்னை மாகாணம். 1953-இல் மைசூர் மாநிலத்தோடு சேர்ந்தது, இன்றைக்குக் கர்நாடகம். கண்ணனூர் சிறை கேரளத்துக்குப் போனது, ராஜமுந்திரி ஆந்திரத்துக்குப் போனது. தமிழ்நாட்டுக் கைதிகளை அடைத்த சிறைகள் இப்படி வேறு வேறு மாநிலங்களில் கிடக்கின்றன. எங்கள் ராமநாதபுரம் மாவட்டமும் 1985-இல் மூன்றாகப் பிரிந்தது. ஒவ்வொரு பிரிவினையிலும் ஆவணக் கட்டுகள் லாரி ஏறின, இறங்கின. அதில் எது எங்கே போனது என்று ஒரு கிழவி சொல்ல வேண்டும் என்று எதிர்பார்ப்பது எந்த ஊர் நியாயம்?

விதி எங்களுக்கும் தெரியும். ஆறு மாதச் சிறை வேண்டும்; பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் மூன்று மாதம் போதும். சிறை ஆவணம் இல்லாவிட்டால், சம்பந்தப்பட்ட எல்லா இடங்களிலும் தேடியும் கிடைக்கவில்லை என்று மாநில அரசு சான்று தர வேண்டும். அதோடு உடன் சிறையிருந்தவர்களின் சான்றும் வேண்டும். சான்று தருபவர் தம்முடைய சிறைவாசத்தை ஏற்கெனவே நிரூபித்தவராக இருக்க வேண்டும்.

1942-இல் 18 வயதில் சிறைக்குப் போனவர் இன்றைக்கு உயிரோடு இருந்தால் நூறைத் தாண்டியிருப்பார். அவருக்கு நினைவும் தெளிவாக இருந்து, கையெழுத்தும் போட முடிந்து, அதே சிறையில் அதே மாதங்களில் எங்கள் ஐயாவோடு இருந்தவராகவும் இருக்க வேண்டும். ஐயாவுக்குத் தெரிந்த கடைசி ஆள் எங்கள் பக்கத்து ஊர்க்காரர். அவர் 1980-களிலேயே எழுதிக் கொடுத்தார். அவருடைய சிறைவாசத்துக்கும் ஆவணம் இல்லை என்று அந்தத் தாளைத் தள்ளிவிட்டார்கள். இரண்டு பேரும் ஒரே பதிவேட்டில் இருந்தவர்கள். அது காணாமல் போனால் இரண்டு பேரும்தானே காணாமல் போவார்கள்?

எங்கள் வீட்டுத் தகரப் பெட்டியில் ஒரு தபால் கார்டு இருக்கிறது. பெல்லாரி முத்திரை பாதி தெரிகிறது. ஓரத்தில் சிறைத் தணிக்கையின் வட்ட முத்திரை, அதன் மேல் யாரோ போட்ட சுருக்கொப்பம். மடிப்பில் மை போய்விட்டது. ஐயா தம் தகப்பனாருக்கு எழுதியது: “நான் சௌக்கியம். செவலைக் காளையை மட்டும் விற்க வேண்டாம்.” தன்னைப் பற்றி ஒரு வரி, மாட்டைப் பற்றி ஒரு வரி, அவ்வளவுதான் எழுதியிருந்தார். நகலை மனுவோடு வைத்தோம். பட்டியலில் இல்லாத ஆவணம் என்று பதில் வந்தது.

பொய்ச் சான்று காட்டிப் பென்ஷன் வாங்கியவர்கள் உண்டு. மகாராஷ்டிரத்தின் பீட் மாவட்டத்தில் அது விசாரணைக் கமிஷன் வரை போனது. நீங்கள் சோதித்துப் பார்ப்பதை நான் குறை சொல்லவில்லை. பொய்யர்கள் வாங்கியது ஐயா போன்றவர்களுக்குச் சேர வேண்டியது என்பதால் எங்களுக்கும் அந்தக் கோபம் இருக்கிறது. ஆனால் சோதிப்பது என்றால் தேடுவதும் சேர்ந்ததுதானே. உச்ச நீதிமன்றம் 1993-இல் முகுந்த் லால் பண்டாரி வழக்கில், தாமதத்தைக் காட்டி மனுவைத் தள்ளக் கூடாது என்றது. 2001-இல் குர்தியால் சிங் வழக்கில், குற்ற வழக்குக்குக் கேட்கிற அளவு நிரூபணத்தை இங்கே கேட்கக் கூடாது என்றது.

ஆகவே கேட்கிறேன். பெல்லாரிக்கு நீங்கள் எழுதுங்கள். அரசு எழுதினால் அரசு பதில் சொல்லும். நாங்கள் எழுதினால் தபால் ஒப்புகை அட்டை மட்டும்தான் திரும்பி வருகிறது. ஆவணம் இல்லை என்று சான்று தரும்போது எந்தப் பதிவேடு, எந்த ஆண்டு, எங்கே தேடினீர்கள் என்று அதிலேயே எழுதுங்கள். உடன் இருந்தவர்கள் யாரும் உயிரோடு இல்லாத நிலையில், சிறைக் கடிதம், பழைய மனு, காவல் நிலையக் குறிப்பு போன்ற அந்தக் காலத்துத் தாள்களை எடுத்துப் பார்த்து முடிவு சொல்லுங்கள். பதிவேட்டை வைத்திருந்தது அரசு. அது தொலைந்ததற்கு உள்ளே இருந்தவரின் வீட்டார் ஏன் பொறுப்பாக வேண்டும்?

அந்தக் கார்டின் மூலத்தைத் தபாலில் அனுப்ப அப்பத்தா சம்மதிக்கவில்லை. ஒரு ஆளை அனுப்புங்கள். பகலில் எப்போது வந்தாலும் திண்ணையில்தான் உட்கார்ந்திருப்பார். பெட்டிச் சாவி அவர் முந்தானையில் இருக்கிறது.

இப்படிக்கு,
அந்தக் கார்டை எழுதியவரின் பேரன்