லூன் ஆற்றின் மேல் அப்பாவை அழைத்துப்போனவர்களுக்கு

அன்புடையீர்,

அப்பா இங்கிலாந்திலிருந்து ஊர் திரும்பிப் பத்து நாளாகிறது. தொலைபேசியில் லங்காஸ்டர் கோட்டையைப் பற்றியோ என் வீட்டைப் பற்றியோ ஒரு வார்த்தை கிடையாது. எப்போதும் லூன் ஆற்றின் மேல் கால்வாயைத் தாங்கி நிற்கும் கல் தொட்டிப்பாலம்தான். அதற்குக் காரணமான உங்களுக்கு ஆங்கிலத்தில் ஆளுக்கொரு அட்டை அனுப்பிவிட்டேன். அதில் அடங்காததை என் மொழியில் எழுதினால்தான் மனம் ஆறும்.

அப்பா குமரி மாவட்டத்தில் பொதுப்பணித் துறை லஸ்கராக இருந்தவர். பட்டணங்கால் கால்வாயில் மடை திறப்பதும் அடைப்பதும் வேலை. பறளியாற்றைத் தாண்டும் மாத்தூர் தொட்டிப்பாலம் 1966இல் கட்டியது, 28 தூண், 115 அடி உயரம் என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் ஒப்பிப்பார். "இங்கேயும் ஒன்று உண்டு, ஆனால் கல், 1797இல் கட்டியது" என்று நான் வாய்விட்டதுதான் தாமதம், மறுநாளே போக வேண்டும் என்றார். பதிவு செய்திருந்த படகுப் பயணமோ அன்று காலை ரத்தாகிவிட்டது.

கால்வாய்க் கரையில் முகம் வாடி நின்ற எங்களைக் கூப்பிட்டுத் தன் படகில் ஏற்றிக்கொண்டவருக்கு முதல் நன்றி. அது உங்கள் வீடு; அடுப்பில் தேநீர் கொதித்துக்கொண்டிருந்தது. முன்பின் தெரியாத எழுபத்து நான்கு வயதுக்காரரிடம் சுக்கானையே கொடுத்தீர்கள். கட்டையை வலப்பக்கம் தள்ளினால் படகு இடப்பக்கம் திரும்பும் என்பதை நான் மொழிபெயர்ப்பதற்குள் அவர் கை கற்றுக்கொண்டுவிட்டது. பாலத்தின் 664 அடியையும் அவர்தான் ஓட்டினார்.

நடுவில் அவர் கேட்ட கேள்வியை மொழிபெயர்க்க எனக்குக் கூச்சமாக இருந்தது. "தண்ணீர் ஓடவே இல்லையே, நின்ற தண்ணீருக்கா இவ்வளவு பெரிய பாலம்?" நீங்கள் சிரிக்கவில்லை. வயலுக்குப் போகிற தண்ணீர் ஓட வேண்டும், படகைத் தாங்குகிற தண்ணீர் நிற்க வேண்டும் என்று பொறுமையாக விளக்கினீர்கள். நாற்பது மைலுக்கு மேல் படகை ஏற்றி இறக்கும் மதகான லாக் ஒன்றுகூட இல்லாமல் சமமட்டமாக இழுத்துவந்த கால்வாய். வடக்கே நிலக்கரியும் தெற்கே சுண்ணாம்புக் கல்லும் போனதால் கறுப்பு வெள்ளைக் கால்வாய் என்றே பெயர் விழுந்ததாம். பாலத்துக்கு மதிப்பீடு 18,000 பவுண்டு சொச்சம், முடிந்தபோது 48,000க்கு மேல், அதனால் தெற்கே ரிப்பிள் ஆற்றுக்கு இதுபோல் ஒன்று கட்டப் பணமே இல்லாமல் டிராம் பாதை போட்டார்கள் என்றதும் அப்பா முகம் மலர்ந்தது. "எஸ்டிமேட்டுக்குள் முடிந்த வேலை எந்த ஊரில் உண்டு?" இருவரும் சேர்ந்து சிரித்ததை நான் படம் எடுத்து வைத்திருக்கிறேன்.

பாலத்தடியில் எங்களுக்கு வாய்த்த தன்னார்வலருக்கு அடுத்த நன்றி. எழுபதடி வளைவுகள் ஐந்தையும் காட்டிவிட்டு, ஆற்றுக்கடியில் மரக்கட்டைகளை அடித்திறக்கி அவற்றின் மேல் தூண்களை எழுப்பியதைக் கைத்தடியால் சேற்றில் வரைந்தீர்கள். அங்கே மொழிபெயர்ப்பே தேவைப்படவில்லை. வடிவமைத்தவர் ஜான் ரென்னி. கல்வேலையை ஏற்ற அலெக்சாண்டர் ஸ்டீவன்ஸ் வேலை முடிவதற்குள், 1796இல், இறந்துபோனார் என்றதும் அப்பா தொப்பியைக் கழற்றினார். தண்ணீருக்கடியிலும் இறுகும் என்று இத்தாலியிலிருந்து எரிமலைச் சாம்பல் தருவித்தார்கள் என்றீர்கள். எங்கள் பக்கம் சுண்ணாம்போடு கடுக்காயும் வெல்லமும் சேர்ப்போம் என்று அவர் பதில் சொன்னார். கடுக்காய்க்கு ஆங்கிலம் தெரியாமல் நான் விழித்தேன். பிறகு ஈரக் கல்லில் உள்ளங்கையை வைத்துக்கொண்டு வெகுநேரம் பேசாமல் நின்றார்.

திரும்ப மேலே ஏறும்போது மூச்சு வாங்கிய அவரைத் தாங்கிப் பிடித்த அந்த அம்மாளுக்கும், இங்கத்திய குளிருக்குத் தன் கணவரின் கோட்டைக் கொடுத்தனுப்பிய திருநெல்வேலி நர்ஸ் அக்காவுக்கும் நன்றி. அக்கா, கோட்டு சலவையில் இருக்கிறது, ஞாயிற்றுக்கிழமை கொண்டுவருகிறேன்.

படகுக்காரருக்கு மட்டும் ஒரு செய்தி. உங்களை மாத்தூருக்கு அழைத்தேனா என்று அப்பா இன்று காலையும் கேட்டார். அங்கே தொட்டியின் அகலம் ஏழரை அடி, உங்கள் படகு ஏழடிதான், தாராளமாக நுழையும் என்று கணக்குப் போட்டு வைத்திருக்கிறார். மேலே மூடியிருக்கும் காங்கிரீட் பலகைகளை என்ன செய்வது என்றுதான் யோசிக்கிறாராம்.